மேடையிலிருந்து தட்டுக்கழிக்கு

சென்னையில் பரதநாட்டியம் ஆடும் ஒரு பெண் முப்பது வயதைத் தாண்டிவிட்டால், வகுப்பு எடுக்கத் தொடங்கிவிட்டாயா என்ற கேள்வி நாலா பக்கமிருந்தும் வந்துவிடும். ஆடத் தெரிந்தவர்கள் எல்லோருக்கும் சொல்லிக்கொடுக்கவும் தெரியும் என்ற நம்பிக்கை அந்தக் கேள்விக்குள் இருக்கிறது. நான் பல ஆண்டுகள் தனிக் கச்சேரி ஆடியவள். மேடை நாடகங்களிலும், பிறகு தொலைக்காட்சித் தொடர்களிலும் நடித்தவள். இன்று ஆடுபவர்களையும் நடிப்பவர்களையும் பயிற்றுவிப்பதே என் முழுநேர வேலை. மூன்றையும் செய்து பார்த்த பிறகு எனக்கு உறுதியாகத் தெரிந்த ஒன்று உண்டு. ஆடத் தெரிவது வேறு, ஆடுகிறவரைப் பார்க்கத் தெரிவது வேறு. முதலாவது நன்றாகக் கைவந்தவர்களுக்கு இரண்டாவது தானாக வந்துவிடுவதில்லை. அதைத் தனியாக உட்கார்ந்து கற்க வேண்டியிருக்கிறது. இந்த மாற்றத்தின் வாசலில் நிற்கும் இளைய கலைஞர்களுக்குப் பயன்படட்டும் என்றே நான் கற்றவற்றை இங்கே எழுதுகிறேன்.

நான் மேடையிலிருந்து விலகத் தொடங்கியதற்கு இரண்டு காரணங்கள். ஒன்று வலது முழங்கால். படியில் இறங்கும்போது முழங்கால் சில்லுக்குப் பின்னால் எழுந்த வலி, முழுமண்டியில் அமர்ந்து எழும்போது இன்னும் கூர்மையாகி, ஒரு கட்டத்தில் வலி மாத்திரை போட்டுக்கொண்டால்தான் மார்கழிக் கச்சேரியில் மிக நீண்ட உருப்படியான வர்ணத்தை முடிக்க முடியும் என்ற நிலைக்கு என்னைக் கொண்டுவந்தது. மற்றொன்று பணம். தனிக் கச்சேரி ஆடும் இளம் கலைஞருக்குச் சபாவில் கிடைக்கும் சன்மானம், தாளம் தட்டி ஆட்டத்தை நடத்தும் நட்டுவாங்கம், வாய்ப்பாட்டு, மிருதங்கம், வயலின் அல்லது புல்லாங்குழல் என்று உடன் வருபவர்களுக்குக் கொடுப்பதற்கே பெரும்பாலும் போதாது. ஒப்பனை, ஒத்திகை, போக்குவரத்து எல்லாம் கைக்காசு. துறையில் இருப்பவர்கள் அனைவருக்கும் தெரிந்த இந்த உண்மையை வெளியே யாரும் உரக்கச் சொல்வதில்லை. தொடர்களில் நடித்துக் கிடைத்த கால்ஷீட் பணம்தான் என் நடனத்துக்குச் சோறு போட்டது. அந்தத் தொடர்களும் குறைந்தபோது, எனக்குத் தெரிந்ததை வைத்து நிலையாகப் பிழைக்க ஒரு வழி தேவைப்பட்டது.

அப்போது எனக்குத் துணையாக நின்றது நம் கலையின் வரலாறுதான். பரதநாட்டியக் கச்சேரி முறைக்கு வடிவம் கொடுத்த தஞ்சை நால்வரான சின்னையா, பொன்னையா, சிவானந்தம், வடிவேலு ஆகியோர் நட்டுவனார்கள், அதாவது ஆட்டத்தைப் பயிற்றுவித்து நட்டுவாங்கம் செய்பவர்கள். அந்த மரபின் வழிவந்த பந்தநல்லூர் மீனாட்சிசுந்தரம் பிள்ளையிடம்தான் ருக்மிணி தேவி, ராம் கோபால், மிருணாளினி சாராபாய் ஆகியோர் கற்றார்கள். ருக்மிணி தேவி 1935-இல் அடையாற்றில் மேடையேறியதும், 1936-இல் அவருடைய கலைப் பள்ளியான கலாக்ஷேத்ரா தோன்றியதும் அந்தப் பயிற்சியின் தொடர்ச்சியாக நடந்தவை. ஏழு வயதில், 1925-இல் காஞ்சிபுரத்தில் அரங்கேறிய பாலசரஸ்வதியை உருவாக்கியவர் கந்தப்ப பிள்ளை. இந்த நட்டுவனார்கள் சலங்கை கட்டி மேடையில் ஆடிப் புகழ் பெற்றவர்கள் அல்லர். உட்கார்ந்த இடத்தில் தட்டுக்கழியால் தாளம் தட்டி, ஆட்டத்துக்குரிய தாளச் சொற்களான சொற்கட்டைச் சொல்லி, கண்ணால் பார்த்துத் திருத்தியே பெரும் கலைஞர்களை உருவாக்கினார்கள். ஆடிக் காட்டுவதுதான் கற்பித்தல் என்ற எண்ணம், மேடைக் கலைஞர்களே ஆசிரியர்களாகவும் ஆனதற்குப் பிறகு நம்மிடையே வேரூன்றியது என்று நினைக்கிறேன்.

நாடகத்திலும் ஒரு முன்மாதிரி உண்டு. சங்கரதாஸ் சுவாமிகள் எமன், சனீஸ்வரன் போன்ற வேடங்களில் பார்ப்பவர்களை நடுங்கவைத்த நடிகர். வேடம் கட்டுவதை விட்ட பிறகு, பாட்டும் வசனமும் எழுதி, பாலர் குழுக்களுக்கு வாத்தியாராக அமர்ந்து, 1918-இல் மதுரையில் தத்துவ மீனலோசனி வித்துவ பால சபையைத் தொடங்கினார். தி.க. சண்முகமும் அவருடைய சகோதரர்களும் அங்கே சிறுவர்களாகப் பயின்றவர்கள். நடிகர் என்ற அளவில் சுவாமிகளை நினைவில் வைத்திருப்பவர் இன்று மிகக் குறைவு. வாத்தியார் என்ற அளவில் தமிழ் நாடக உலகமே அவரைக் கொண்டாடுகிறது. மேடையை விட்டு இறங்குவதை ஓர் இழப்பாகவே பார்த்துக்கொண்டிருந்த எனக்கு இந்தச் செய்தி பெரிய தெம்பைத் தந்தது.

ஆகவே வகுப்பு தொடங்குவதற்கு முன்பு நட்டுவாங்கத்தை முறையாகக் கற்கச் சென்றேன். ஆடுகிறவருக்குத் தாளம் காலில் இருக்கும். வாயிலும் கையிலும் இருக்காது. இரும்பில் ஒன்றும் வெண்கலத்தில் ஒன்றுமாக இருக்கும் அந்தச் சிறிய தாளங்களைக் கையில் எடுத்துக்கொண்டு, ஆடுபவரின் காலடி விழும் ஒவ்வொரு இடத்திலும் ஒலியை வைத்து, வாயால் சொற்கட்டுகளின் கோவையான ஜதியைச் சொல்லி, உள்ளே ஆதி தாளத்தின் எட்டு அட்சரத்தையும் நழுவவிடாமல் வைத்திருக்க வேண்டும். கண் மட்டும் ஆடுபவரின் மேலேயே இருக்க வேண்டும். தகிட, தகதிமி, தகதகிட, தகிடதகதிமி, தகதிமிதகதகிட என்ற ஐந்து ஜாதிச் சொற்களையும் மூன்று காலத்திலும், அதாவது மூன்று வேகத்திலும், கைத்தாளத்தோடு சொல்லிப் பழகுவதில் தொடங்கி, ஜதியை முடித்துவைக்கும் தீர்மானத்தை ஆடுபவரின் மூச்சுக்கு ஏற்பச் சொல்லி முடிக்கும் வரை வர, திறமையான நடனக் கலைஞருக்கும் நல்ல உழைப்பு தேவைப்படுகிறது. பயிற்சியளிக்க விரும்பும் எந்த நடனக் கலைஞருக்கும் நான் சொல்லும் முதல் யோசனை இதுதான்: வகுப்புக்கு இடம் தேடுவதற்கு முன்பு நட்டுவாங்கம் கற்றுக்கொள்ளுங்கள்.

இதில் எதிர்பாராத ஆதாயம் ஒன்றும் எனக்குக் கிடைத்தது. இரண்டு கைகளும் தாளத்தில் இருக்கும்போது எழுந்து ஆடிக் காட்ட முடியாது. ஆடிக் காட்டாதபோதுதான் மாணவியின் உடல் உண்மையில் என்ன செய்கிறது என்பது கண்ணுக்குத் தெரியத் தொடங்குகிறது. நான் முன்னால் நின்று ஆடிய வகுப்புகளில் குழந்தைகள் ஆட்டத்தின் அடிப்படை அசைவான அடவை மட்டும் என்னிடமிருந்து எடுத்துக்கொள்ளவில்லை. வலது முழங்காலைக் காப்பாற்றுவதற்காக நான் இடப்பக்கம் லேசாகச் சாயும் சாய்வையும் சேர்த்தே எடுத்துக்கொண்டார்கள். ஒரே வரிசையில் நாலு குழந்தைகள் ஒரே பக்கம் சாய்ந்து நாட்டடவு போடுவதைப் பார்த்த பிறகு, ஆடிக் காட்டுவதை எப்போது, எவ்வளவு என்பதை நான் எண்ணிச் செய்கிறேன். புதிய அடவைச் சொல்லிக்கொடுக்கும்போது காட்டுவேன், பிறகு உட்கார்ந்துவிடுவேன்.

உடலைப் பற்றிச் சற்று விரிவாகவே சொல்ல வேண்டும், ஏனென்றால் நம் வகுப்புகளில் மிகுதியான தீங்கு அறியாமல் நடப்பது இங்கேதான். முழங்காலை மடித்துப் பாதி அமர்ந்து நிற்கும் அரைமண்டியில் பாதங்கள் இரண்டும் எதிரெதிர்ப் பக்கம் நேர்கோட்டில் திரும்பியிருக்க வேண்டும் என்று சொல்லி, குழந்தைகளின் பாதத்தை மட்டும் திருப்பிவிடுகிறோம். அந்தத் திருப்பம் இடுப்பு மூட்டிலிருந்து வர வேண்டும். இடுப்பு மூட்டின் எலும்பமைப்பு ஆளுக்கு ஆள் மாறுவது. எவ்வளவு அதட்டினாலும் எலும்பின் அளவைத் தாண்டி அது திரும்பாது. இடுப்பு திரும்பாமல் பாதம் மட்டும் திரும்பினால், நடுவில் இருக்கும் முழங்கால்தான் முறுக்கை வாங்கிக்கொள்கிறது. உள்ளங்காலின் வளைவும் தரையில் அமுங்கிவிடுகிறது. மாணவியை நேராக நிறுத்தி, முழங்கால் சில்லின் நடு, பாதத்தின் இரண்டாவது விரலுக்கு மேலே நிற்கிறதா என்று பார்த்தால் போதும். உள்ளே விழுந்திருந்தால் பாதத்தின் திருப்பத்தைக் குறைத்து, தொடையைத் திருப்பச் சொல்ல வேண்டும். ‘முழங்காலை வெளியே தள்ளு’ என்று சொன்னால் குழந்தை பாதத்தைத்தான் தள்ளும். ‘தொடையைத் திருப்பு’ என்றால் இடுப்பு வேலை செய்யும். சொல்லும் சொல்லுக்கு ஏற்றபடிதான் உடல் நடந்துகொள்கிறது. ஒருக்களித்துப் படுத்து, பாதங்கள் ஒட்டியிருக்க, மேல் முழங்காலை மட்டும் மெதுவாகத் தூக்கி இறக்கும் பயிற்சியை நமஸ்காரத்துக்கு முன்பே செய்யவைக்கிறேன். இடுப்பைத் திருப்பிப் பிடிக்கும் தசைகளுக்கு அது வலுவைத் தருகிறது.

தரையும் முக்கியம். நம் வகுப்புகளில் பெரும்பாலானவை கிரானைட்டோ டைல்ஸோ பதித்த சிமெண்டுத் தரையில்தான் நடக்கின்றன. வெறுங்காலால் தட்டும் ஒவ்வொரு தட்டும் அந்தத் தரையில் திரும்பி எலும்புக்கே வருகிறது. அடியில் சட்டம் கொடுத்து மரப்பலகை போட முடிந்தவர்கள் போட்டுக்கொள்ளலாம். வாடகை வீட்டு மொட்டை மாடியிலும் கல்யாண மண்டபத்தின் சாப்பாட்டுக் கூடத்திலும் வகுப்பு எடுக்கும் நம்மில் பலருக்கு அது இயலாது. அப்படியானால் தட்டுகளின் எண்ணிக்கையைக் குறைக்க வேண்டும். ஒரு ஜதியை மனப்பாடம் செய்யும்போது காலைத் தட்டாமல் வைத்து மட்டும் ஆடலாம். மூன்றாம் காலத்தை ஒருமுறை முழு வலுவோடு ஆடினால் அந்த வகுப்புக்குப் போதும். முன்னங்கால் எலும்பு நெடுகப் பரவலாக வலித்தால் ஓய்வு கொடுத்துப் பார்க்கலாம். எலும்பின் ஒரே புள்ளியை விரலால் அழுத்தும்போது சுரீரென்று வலித்தாலோ, படுத்திருக்கும்போதும் வலித்தாலோ, அது எலும்பில் மெல்லிய விரிசலாக இருக்கலாம். ஆடுவதை உடனே நிறுத்தி எலும்பு மருத்துவரிடம் போக வேண்டும். தொடக்கத்தில் எடுக்கும் எக்ஸ்ரேயில் இத்தகைய விரிசல் தெரியாமலும் போகும் என்பதால், எக்ஸ்ரே சரியாக இருக்கிறது என்று சொல்லி மறுநாளே குழந்தையை வகுப்புக்கு அனுப்பும் பெற்றோரிடம் நான் பிடிவாதமாக நிற்பேன். அரங்கேற்றத்துக்குத் தேதி குறித்து, மண்டபத்துக்கு முன்பணம் கட்டி, பத்திரிகையும் அடித்துவிட்ட குடும்பத்திடம் அப்படி நிற்பது எளிதல்ல. ஆனாலும் நின்றுதான் ஆக வேண்டும்.

அரங்கேற்றம் என்றதும் வர்ணத்தைப் பற்றிச் சொல்லியாக வேண்டும். முப்பது நிமிடத்துக்கு மேல் போகும் வர்ணத்தை எல்லா மாணவிகளும் தொடக்கத்திலிருந்தே ஒத்திகை பார்க்கிறார்கள். அதனால் தொடக்கத்தில் மூன்று வேகத்திலும் வரும் திரிகால ஜதி பளிச்சென்று இருக்கும். சரணத்துக்கு வரும்போது கால் தளர்ந்து, முகம் வெறுமையாகி, ஸ்வரங்கள் தடுமாறும். உழைப்பு குறைவு என்று மாணவியைத் திட்டுவதில் பயனில்லை, ஏனென்றால் புத்துணர்ச்சியோடு இருக்கும் நேரத்தில் அவள் சரணத்தை ஒருமுறைகூட ஆடியிருக்க மாட்டாள். நான் வாரத்தில் பாதி வகுப்புகளைச் சரணத்தில் தொடங்குகிறேன். முதலில் சரண ஸ்வரங்கள், பிறகு முத்தாயி ஸ்வரம், கடைசியில் பல்லவி என்று பின்னாலிருந்து முன்னால் வருவோம். அரங்கேற்றம் நெருங்கும்போதுதான் முழு வர்ணமும் தொடக்கத்திலிருந்து இறுதி வரை. இன்னொன்று காலப்பிரமாணம், அதாவது தாளம் ஓடும் வேகம். மேடையில் ஆடுபவரின் இதயம் படபடக்கும்போது தாளத்தின் ஓட்டமும் கூடிவிடும். வகுப்பில் வசதியாக இருந்த ஜதி மேடையில் மூச்சு முட்டவைக்கும். எந்த வேகத்தில் ஒத்திகை பார்த்தோம் என்பதைக் கைப்பேசியில் மெட்ரோனோம் வைத்து அளந்து குறித்துக்கொண்டால், பாடகரும் மிருதங்கக் கலைஞரும் வந்து சேரும் ஒத்திகையில் வாக்குவாதமே வராது.

முகத்தாலும் கையாலும் உணர்வைக் காட்டும் அபிநயம்தான் நான் மிகவும் விரும்பும் பாடம். கல்லூரியில் படிக்கும் மாணவி ஒருத்தி, வேறொருத்தியின் வீட்டிலிருந்து நள்ளிரவு கடந்து திரும்பும் தலைவனை நாயகி வாசலில் நிறுத்திக் கேட்கும் பதத்தை, அபிநயத்துக்கு உரிய ஒரு பாடலை, ஆடிக்கொண்டிருந்தாள். புருவம் நெறிந்தது, மூக்கு விடைத்தது, தலை ஒரு பக்கம் வெட்டித் திரும்பியது. கோபத்துக்கு உரிய குறிகள் அத்தனையும் இருந்தன. கோபம் மட்டும் இல்லை. என் முகத்தில் நான் அதைக் காட்டியிருந்தால் என்னுடைய கோபத்தை அவள் பிரதி எடுத்திருப்பாள். அதற்குப் பதிலாகக் கேள்விகள் கேட்டேன். கதவு எந்தப் பக்கம் இருக்கிறது? ஒற்றைக் கதவா, இரட்டைக் கதவா? விளக்கு எரிகிறதா, எண்ணெய் தீர்ந்து அணைந்துவிட்டதா? அவன் உன்னைவிட எவ்வளவு உயரம்? நிலைவாசலுக்குள் வந்துவிட்டானா, வெளியிலேயே நிற்கிறானா? அவள் ஒவ்வொன்றுக்கும் யோசித்துப் பதில் சொன்னாள். மறுபடி பாட்டைத் தொடங்கியபோது, கதவு இருந்த இடத்தைப் பார்த்தாள்; அவன் முகத்தைப் பார்த்தாள்; பார்வை அவன் கழுத்துக்கு இறங்கி அங்கேயே நின்றது. புருவத்தில் எந்த நெறிப்பும் இல்லை. உள்ளிழுத்த மூச்சை அவள் வெளியே விடவே இல்லை. கூடத்தில் உட்கார்ந்து குழந்தைக்காகக் காத்திருந்த ஒரு தாய் நிமிர்ந்து பார்த்தார்கள். அந்த மாணவியிடம் நான் கழுத்தைப் பற்றி எதுவும் சொல்லியிருக்கவில்லை. அவன் கழுத்தில் அவள் எதைக் கண்டாள் என்பதை நான் இன்றுவரை கேட்கவும் இல்லை. பயிற்சியளிப்பவர் எல்லாவற்றையும் தெரிந்துகொள்ள வேண்டியதில்லை; மாணவிக்குச் சொந்தமானது சில இருக்க வேண்டும்.

நடிப்புப் பயிற்சிக்கு என்னிடம் வருபவர்கள் இரு வகை. ஆட்டம் தெரிந்து கேமரா முன்னால் போக விரும்புகிறவர்கள் ஒரு வகை; நாடகமோ நடனமோ தெரியாமல் நேரே ஆடிஷனுக்குப் போகிறவர்கள் இன்னொரு வகை. முதல் வகையினருக்குத் தங்கள் பயிற்சியே முதலில் தடையாக வரும். கை போகும் இடத்துக்குக் கண்ணும் போக வேண்டும் என்று பத்து வயதிலிருந்து படித்தவர்களுக்கு, குளோசப்பில் கண் சும்மா இருந்தால் போதும் என்று சொன்னால் உடல் ஒப்புக்கொள்ளாது. நடனத்தில் ஒரு பாவத்தைக் கடைசி வரிசைக்கும் எட்டும்படி நிறுத்திக் காட்டுகிறோம்; தாளத்தில் மாற்றுகிறோம். கேமராவில் தாளத்தோடு மாறும் முகம் பொய்யாகத் தெரியும். இவர்களுக்கு நான் கொடுக்கும் பயிற்சி எளியது. கைப்பேசியை முகத்துக்கு மிக அருகில் வைத்து, ஒரு நீண்ட கடிதத்தை மனத்துக்குள் படிக்கச் சொல்வேன். பதிவைச் சத்தமில்லாமல் ஓடவிட்டு இருவரும் பார்ப்போம். படிப்பதை மறந்து ‘நடித்த’ இடங்கள் அவர்களுக்கே உடனே தெரிந்துவிடும்.

தொடர்களில் நடிப்பவர்களுக்கு வேறொரு சிக்கல். ஒரே நாளில் பல காட்சிகளை எடுக்க வேண்டியிருப்பதால், வசனத்தை மனப்பாடம் செய்ய நேரம் இராது. கேமராவுக்குப் பக்கத்தில் நின்று உதவி இயக்குநர் வசனத்தைச் சொல்லச் சொல்ல, அதைக் காதில் வாங்கித் திரும்பச் சொல்கிறோம். பிராம்ட்டிங் என்று சொல்லப்படும் இந்த முறையில் பழகியவர்களின் காது எப்போதும் அந்தக் குரலுக்காகவே காத்திருக்கும். எதிரில் நிற்கும் நடிகர் பேசுவதை அது கேட்பதில்லை. நானும் அந்தத் தளங்களில் நின்றவள் என்பதால் இதன் கஷ்டம் தெரியும். பிராம்ட்டிங்கை யாராலும் ஒரே நாளில் ஒழிக்க முடியாது. ஆனால் காட்சிப் பக்கம் கைக்கு வந்ததும், தன் வசனத்தைப் படிப்பதற்கு முன் எதிராளியின் வசனத்தைப் படித்துவிட்டால் பாதி வேலை முடிந்துவிடும். எதற்குப் பதில் சொல்கிறோம் என்று தெரிந்தவருக்கு, காதில் விழும் வரி எங்கிருந்து வந்தாலும் அது பதிலாகவே வாயிலிருந்து வரும். ஒரு ஷாட்டில் செய்ததை அடுத்த ஷாட்டிலும் மாறாமல் செய்யும் கன்டினியூட்டியும் அப்படித்தான். காட்சி முழுவதையும் எடுக்கும் மாஸ்டர் ஷாட்டில் எந்தச் சொல்லில் டம்ளரைக் கீழே வைத்தோம் என்பதை குளோசப்பிலும் நினைவில் வைத்திருப்பவரை இயக்குநர்களும் எடிட்டர்களும் மறப்பதில்லை. அடவின் ஒவ்வொரு அசைவையும் சொற்கட்டோடு பிணைத்துப் படித்த நடனக் கலைஞர்களுக்கு இது எளிதாக வரும்.

குரலை எல்லோரும் கைவிட்டுவிடுகிறார்கள். நடித்தவர் ஒருவர், டப்பிங் பேசுபவர் வேறொருவர் என்ற வழக்கம் நெடுநாளாக இருப்பதால், முகம் தேறினால் போதும் என்று நினைத்துவிடுகிறார்கள். மேடை நாடகத்தில் இருந்தவர்கள் அப்படி நினைப்பதில்லை. 1977-இல் ந. முத்துசாமி தொடங்கிய கூத்துப்பட்டறை போன்ற குழுக்கள் உடலுக்கும் குரலுக்கும் கொடுத்த கடும் பயிற்சியை, அங்கிருந்து திரைக்கு வந்த பசுபதி, கலைராணி ஆகியோரின் நடிப்பில் யாரும் காணலாம். என்னிடம் வருபவர்கள் தினமும் ஒரு பக்கத்தை உரக்கப் படிக்க வேண்டும். லகர, ளகர, ழகரங்களைத் திருத்துவதற்கு அதைவிட நல்ல வழி எனக்குத் தெரியவில்லை.

தொடுதலைப் பற்றி இந்தத் துறையில் தயங்காமல் பேச வேண்டும். முதுகை நிமிர்த்துவது, தோளை இறக்குவது, இடுப்பைத் திருப்புவது என்று நம் வேலையே உடலைத் திருத்துவதுதான். ஆகவே ஒவ்வொரு முறையும், ‘உன் தோளில் கை வைக்கட்டுமா’ என்று கேட்டுவிட்டே வைக்க வேண்டும். வேண்டாம் என்றால் சொல்லாலோ, ஒரு குச்சியால் சுட்டியோ திருத்த முடியும். வகுப்புக் கதவு திறந்தே இருக்க வேண்டும். பெற்றோர் விரும்பினால் உட்கார்ந்து பார்க்க இடம் இருக்க வேண்டும். பதினெட்டு வயதுக்கு உட்பட்டவர்களைப் பாதுகாக்க 2012-இல் வந்த போக்சோ சட்டத்தைக் கலை ஆசிரியர்கள் அனைவரும் ஒருமுறையாவது படித்திருக்க வேண்டும். குரு பக்தி என்ற பெயரில் குழந்தைகளின் வாயை அடைக்கும் வழக்கம் நம்மிடம் நெடுங்காலமாக இருக்கிறது. கேள்வி கேட்கும் குழந்தையை மரியாதை இல்லாதவள் என்று சொல்லும் இடத்தில் கலை வளராது என்பது என் திடமான கருத்து.

வேறொரு குருவிடம் படிக்கும் மாணவிகளும், அபிநயத்துக்கோ கச்சேரித் தயாரிப்புக்கோ மட்டும் என்னிடம் வருவதுண்டு. அவர்களுடைய குருவுக்குத் தெரிந்து, அவருடைய சம்மதத்தோடுதான் சேர்த்துக்கொள்வேன். பாணியில் கை வைக்க மாட்டேன். பந்தநல்லூர் பாணியில் படித்தவளின் கையை வழுவூர் பாணிக்கு மாற்றுவது என் வேலை அல்ல. மூச்சு, பார்வை, காலப்பிரமாணம், தாங்கும் வலு என்று எந்தப் பாணிக்கும் பொதுவானவற்றிலேயே நின்றுகொள்வேன். இந்த எல்லையைத் தெளிவாக வைத்திருந்ததால்தான் மூத்த குருமார்கள் சிலர் தங்கள் மாணவிகளைத் தாங்களே அழைத்துவந்து விட்டார்கள்.

இணையவழி வகுப்புகள் இன்று என் வருமானத்தில் பெரும் பங்கு. டொராண்டோவிலும் லண்டனிலும் இருக்கும் ஈழத்தமிழ்க் குடும்பங்களின் பிள்ளைகளும், நியூ ஜெர்சியில் இருக்கும் நம் ஊர்ப் பிள்ளைகளும் அங்கே தங்கள் ஆசிரியரிடம் கற்றுக்கொண்டு, அபிநயத்துக்கு என்னிடம் வருகிறார்கள். இணைப்பில் ஒலி சற்றுத் தாமதித்தே போய்ச் சேர்வதால், நான் தட்டும் தாளத்துக்கு அங்கே இருப்பவர் நேரடியாக ஆட முடியாது. ஆகவே பாட்டும் சொற்கட்டும் அவர்கள் வீட்டிலேயே ஒலிக்க வேண்டும். என் மைக்கை அணைத்துவிட்டு நான் பார்த்துக்கொண்டிருப்பேன். கேமராவைத் தலை முதல் பாதம் வரை தெரியும் தொலைவில், இடுப்பு உயரத்தில் வைக்கச் சொல்ல வேண்டும். மேசையின் மேல் கணினியை வைத்தால் கால் தெரியாது, தரையில் வைத்தால் மண்டியின் ஆழம் தவறாகத் தெரியும். வாரம் ஒருமுறை பதிவை அனுப்பச் சொல்லி, எந்த நொடியில் என்ன என்று எழுதித் திருப்பி அனுப்புகிறேன். ஒரு பதிவுக்கு ஒரு திருத்தம், அதிகம் போனால் இரண்டு. பத்துத் திருத்தம் எழுதினால் பத்தும் நிற்காது.

கட்டணத்தைப் பேசக் கூச்சப்படக் கூடாது. மாதக் கட்டணம் எவ்வளவு, வராத வகுப்புக்கு என்ன, அரங்கேற்றம் என்றால் நட்டுவாங்கத்துக்கும் ஒத்திகைக்கும் தனியாக எவ்வளவு என்பதைச் சேரும் நாளிலேயே எழுதிக் கொடுத்துவிட வேண்டும். அரங்கேற்றத்துக்கு மூன்று மாதம் இருக்கும்போது புதிய செலவுகளைச் சொல்லும் பழக்கம் பல குடும்பங்களைக் கடனில் தள்ளியிருக்கிறது. நல்ல மாணவிகள் சிலர் அதனால் கலையை விட்டே போனதையும் பார்த்திருக்கிறேன். தேர்வு மாதங்களான மார்ச், ஏப்ரலில் வகுப்பு பாதியாகக் குறையும். மே மாதத்தில் கோடைப் பயிற்சி வகுப்புகள் நிரம்பும். மார்கழியில் எல்லோரும் சபாக்களில் இருப்பார்கள். இந்த ஏற்ற இறக்கத்தை அறிந்து முதல் ஆண்டுக்குக் கொஞ்சம் சேமிப்பை வைத்துக்கொண்டு இறங்குவது நல்லது. மத்திய அரசின் கலை உதவித்தொகைகளைப் பற்றிய விவரத்தையும், ஆறு முதல் பத்து வயது வரை உள்ள குழந்தைகளின் பெற்றோரிடம் முன்கூட்டியே சொல்லிவைக்கிறேன். மத்திய அரசின் கலாசார வள, பயிற்சி மையமான சிசிஆர்டி தரும், பத்து முதல் பதினான்கு வயதுக்குள் விண்ணப்பிக்கும் உதவித்தொகையை, செய்தி தெரியாமலே வயதைத் தாண்டிவிடும் பிள்ளைகள் ஏராளம்.

ஆடுவதை முழுவதும் நிறுத்திவிட வேண்டுமா என்று இந்தப் பாதையில் வருபவர்கள் என்னிடம் கேட்பதுண்டு. கச்சேரியின் உருப்படிகள் அத்தனையும் அடங்கிய முழு மார்க்கத்தை ஆடுவதை நான் விட்டுவிட்டேன். பதங்களும், அவற்றைப் போன்ற அபிநயப் பாடல்களான ஜாவளிகளும் மட்டும் வைத்து, சிறிய அரங்கில், உட்கார்ந்தும் நின்றும் செய்யும் அபிநய நிகழ்ச்சிகளுக்கு அழைத்தால் போகிறேன். ஆனால் என் மாணவி ஆடும் மேடையில் அதே மாலையில் நான் ஆடுவதில்லை. அந்த மாலை முழுவதும் அவளுடையதாக இருக்க வேண்டும். என் கவனமும் அவளுடைய காலில் இருக்க வேண்டும்.

நட்டுவாங்கம் சொல்ல ஆள் கிடைக்காமல் மார்கழியில் கலைஞர்கள் அலைவதை ஆண்டுதோறும் பார்க்கிறோம். ஒரே நாளில் இரண்டு மூன்று கச்சேரிகளுக்கு ஓடும் நட்டுவனார்களுக்கு ஒத்திகைக்கே நேரம் கிடைப்பதில்லை. ஆகவே வர்ணம் ஆடத் தொடங்கிவிட்ட மாணவிகளை, ஒவ்வொரு சனிக்கிழமையும் சின்னக் குழந்தைகளின் அடவு வகுப்பில் தட்டுக்கழியோடு உட்காரவைக்கிறேன். அவர்கள் ஆடிக் காட்டக் கூடாது. சொற்கட்டைச் சொல்லி, பார்த்து, ஒரு குழந்தைக்கு ஒரு திருத்தம் மட்டும் சொல்ல வேண்டும். முதல் சில வாரங்களில் அவர்களுக்கு எழுந்து ஆடக் கால் துடிக்கும். பிறகு, வகுப்பு முடிந்ததும் என்னிடம் வந்து, ‘அக்கா, மூணாவது வரிசையிலே இருக்கிற குட்டிக்கு இடது குதிகால் தரையிலே படவே இல்லே, பார்த்தீங்களா?’ என்று கேட்கத் தொடங்குவார்கள்.